"81 போட்டாச்சு" என்றால் என்ன நடக்கிறது?

ஊர்க் கூட்டுறவுச் சங்கத்தில் ஏதோ சரியில்லை என்று பேச்சு கிளம்பினால், இரண்டு மூன்று நாளில் டீக்கடையில் ஒரு எண் அடிபடத் தொடங்கும். "செக்ரட்டரி மேல 81 போட்டாச்சாம்." சொல்பவருக்கும் கேட்பவருக்கும் அது கிட்டத்தட்ட கைது மாதிரி. ஆறு மாதம் கழித்துப் போய்ப் பார்த்தால் அதே செயலாளர் அதே நாற்காலியில் உட்கார்ந்து உரத்துக்கு ரசீது போட்டுக்கொண்டிருப்பார். "காசு குடுத்து அமுக்கிட்டான்" என்று ஊர் முடிவு கட்டிவிடும். சில இடங்களில் அது உண்மையாகவும் இருக்கும். ஆனால் 81 என்பது எதைச் செய்யும், எதைச் செய்யாது என்று தெரியாததால் வரும் ஏமாற்றமே இதில் பெரும்பங்கு.

81 என்பது தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் ஒரு பிரிவு. சட்டம் 1983-இல் இயற்றப்பட்டது, நடைமுறைக்கு வந்தது 1988 ஏப்ரலில். சங்கத்தின் அமைப்பு, நடப்பு, பண நிலைமை ஆகியவற்றைப் பற்றியும், கையாடல் நடந்ததாகச் சொல்லப்பட்டால் அதைப் பற்றியும் விசாரிக்க இந்தப் பிரிவு பதிவாளருக்கு அதிகாரம் தருகிறது. விசாரிக்க மட்டும்தான். பணத்தை வசூலிப்பது வேறு பிரிவு, ஆளை வேலையை விட்டு அனுப்புவது வேறு நடைமுறை, சிறைக்கு அனுப்புவது வேறு துறை. இந்த நான்கும் ஒரே சங்கிலியின் கண்ணிகள் போலத் தெரிந்தாலும், ஒன்றிலிருந்து அடுத்ததற்குத் தானாக நகராது. ஒவ்வொரு இடத்திலும் யாராவது ஒருவர் கையெழுத்துப் போட வேண்டும். கோப்பு தூங்குவது பெரும்பாலும் அந்த இடைவெளிகளில்தான்.

அரசாங்கம் ஏன் இதில் தலையிடுகிறது என்ற கேள்வி நியாயமானது. சங்கம் உறுப்பினர்களின் சொத்து. பங்குத் தொகை அவர்களுடையது, வைப்புத் தொகையும் அவர்களுடையது. ஆனால் இந்தியாவில் கூட்டுறவு பிறந்ததே அரசாங்கத்தின் மடியில். 1904-இல் வந்த கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் விவசாயிகளை வட்டிக்கடைக்காரர்களிடமிருந்து மீட்கக் கொண்டுவரப்பட்டது. அதே ஆண்டு அன்றைய செங்கல்பட்டு மாவட்டத்துத் திரூரில் முதல் வேளாண் கடன் சங்கம் பதிவானது. சென்னையில் திருவல்லிக்கேணி நகரக் கூட்டுறவுச் சங்கமும் அதே ஆண்டுப் பிறப்பு. அந்த முதல் சட்டத்திலேயே பதிவாளர் என்ற பதவி வந்துவிட்டது. பதிவு செய்பவர் அவரே, கணக்கைப் பார்க்கச் சொல்பவர் அவரே, தேவைப்பட்டால் சங்கத்தைக் கலைப்பவரும் அவரே. அப்புறம் 1912, 1932, 1961, 1983 என்று சட்டங்கள் மாறினாலும் அந்த ஆள் மாறவில்லை. அதிகாரம்தான் கூடிக்கொண்டே போனது.

இன்று பதிவாளர் என்பவர் சென்னையில் இருக்கும் ஐ.ஏ.எஸ். அதிகாரி. மாவட்டத்தில் அவர் பெயரில் இயங்குபவர் மண்டல இணைப்பதிவாளர், அவருக்குக் கீழே சரகத் துணைப்பதிவாளர், அதற்கும் கீழே கூட்டுறவு சார்பதிவாளர், முதுநிலை ஆய்வாளர்கள். 81 விசாரணைக்குப் பெரும்பாலும் அனுப்பப்படுபவர் இந்தச் சார்பதிவாளர்தான். நேற்றுவரை அதே வட்டாரத்துச் சங்கங்களுக்குக் கடன் இலக்கு, உர இலக்கு என்று விரட்டிக்கொண்டிருந்தவர், இன்று விசாரணை அதிகாரி. முந்தைய ஆண்டு அந்தச் சங்கத்தை மேற்பார்வையிட்டவர் அவருடைய அலுவலக நண்பராக இருப்பார். கையாடல் மூன்று ஆண்டாக நடந்திருக்கிறது என்று எழுதினால், அந்த மூன்று ஆண்டும் மேற்பார்வை என்ன செய்தது என்ற கேள்வி அவருடைய துறைக்கே திரும்பும். இந்தச் சிக்கலைச் சட்டம் எந்த இடத்திலும் தீர்க்கவில்லை என்பது என் எண்ணம்.

தணிக்கை மட்டும் கொஞ்சம் தள்ளி நிற்கிறது. பிரிவு 80 ஆண்டுதோறும் தணிக்கை வேண்டும் என்கிறது. கூட்டுறவுத் தணிக்கைத் துறை பதிவாளருக்குக் கீழே இல்லாமல் நிதித்துறையின் கீழ் இயங்குகிறது. பெரும்பாலான கையாடல்களின் முதல் வாசனை தணிக்கை அறிக்கையின் குறிப்புகளில்தான் அடிக்கும். "இருப்புக் குறைவு", "ரொக்கம் வரம்புக்கு மேல் கையில் வைக்கப்பட்டுள்ளது", "தற்காலிகக் கையாடல்" போன்ற சொற்கள் தணிக்கையாளரின் மொழியில் சாதாரணமாக வரும். தற்காலிகக் கையாடல் என்பது ஒரு விசித்திரமான சொல். காசாளர் சங்கப் பணத்தை எடுத்துச் சொந்தத் தேவைக்குப் பயன்படுத்திவிட்டு, பத்து நாளில் திருப்பி வைத்துவிட்டால் அதற்குப் பெயர் அது. வட்டி கட்டச் சொல்லி முடித்துவிடுவார்கள். பெரிய கையாடல்கள் பலவும் இப்படித்தான் தொடங்குகின்றன. பத்து நாள் முப்பது நாளாகும், முப்பது நாள் ஒரு பருவமாகும்.

சரி, விசாரணைக்கு வருவோம். 81-க்கு அடுத்த எண்ணான 82 ஆய்வைப் பற்றியது. புத்தகங்களைப் புரட்டிப் பார்ப்பதோடு அது நிற்கும். புகார் வந்தவுடன் முதலில் 82 ஆய்வு, அதில் ஏதாவது பிடிபட்டால் 81 என்பது பரவலான பழக்கம். 81-இல் வந்தவர் ஆட்களை அழைக்கலாம், பதிவேடுகளைக் கேட்டு வாங்கலாம், வாக்குமூலம் பதியலாம். மூன்று மாதத்தில் முடிக்க வேண்டும், மேலதிகாரி நீட்டித்தால் இன்னும் ஆறு மாதம்வரை போகலாம் என்று சட்டம் கெடு வைத்திருக்கிறது.

அவர் எதைத் தேடுகிறார்? கடன் சங்கத்தில் பணம் வெளியேறும் வழிகள் அதிகமில்லை. மிகப் பழைய வழி ரசீது. உறுப்பினர் கடனைக் கட்டுகிறார், கையெழுத்திட்ட ரசீது கொடுக்கப்படுகிறது, பேரேட்டில் மட்டும் பதிவு ஏறாது. பணம் மேசை இழுப்பறையிலிருந்து வீட்டுக்குப் போய்விடும். கட்டியவருக்குத் தெரியாது, சங்கத்துக்கும் தெரியாது. நிலுவைக் கடிதம் வரும்போதுதான் வெடிக்கும். அதனால்தான் விசாரணை அதிகாரி உறுப்பினர் வீடுகளுக்கு ஆள் அனுப்பி, அவர்கள் கையில் இருக்கும் பாஸ்புத்தகத்தையும் ரசீதையும் சங்கப் பேரேட்டோடு ஒப்பிட்டுப் பார்க்கிறார். பழைய ரசீதைக் கூரையில் செருகி வைத்திருந்த கிழவிதான் பல வழக்குகளில் முக்கியச் சாட்சி. கடன் முடிந்ததும் ரசீதைக் கிழித்துப் போடுபவர்கள் இதை யோசிக்க வேண்டும்.

அடுத்தது பயிர்க்கடன். பட்டாவும் சிட்டாவும் அடங்கலும் வைத்துத்தான் கடன் கொடுக்க வேண்டும். ஒரே நிலத்துக்கு இரண்டு சங்கத்தில் கடன், பயிரே வைக்காத நிலத்துக்குக் கடன், வெளியூர் போய்விட்டவர் பெயரில் கடன் எல்லாம் இதற்குள் நடக்கும். தள்ளுபடி வரப்போகிறது என்ற பேச்சு எழும் காலத்தில் இது கூடுவதில் ஆச்சரியமில்லை. 2021 பிப்ரவரியில் அன்றைய முதல்வர் எடப்பாடி பழனிசாமி 16.43 லட்சம் விவசாயிகளின் 12,110 கோடி ரூபாய் பயிர்க்கடனைத் தள்ளுபடி செய்வதாக அறிவித்தார். அப்படிப்பட்ட தொகை அரசிடமிருந்து சங்கத்துக்கு வரும்போது, கடன் உண்மையிலேயே யாருக்குப் போனது என்ற கேள்வியும் கூடவே வரும்.

உரத்தில் முன்பு விளையாடியது போல இப்போது விளையாட முடியாது. 2018-லிருந்து மானிய உரம் கைரேகை வைத்து, விற்பனை இயந்திரத்தின் வழியாகத்தான் விற்க வேண்டும். இயந்திரம் காட்டும் இருப்பு, புத்தகத்தின் இருப்பு, கிடங்கில் அடுக்கியிருக்கும் மூட்டை என மூன்றையும் எண்ணினால் கதை அரை மணி நேரத்தில் தெரிந்துவிடும்.

நகைக்கடன்தான் இன்றைய பெரிய களம். நகையை எடைபோட்டுத் தரம் சொல்பவர் மதிப்பீட்டாளர். சங்கத்தின் சம்பள ஊழியர் இல்லை, கமிஷனுக்கு வேலை செய்பவர். நகைப் பொட்டலம் இருக்கும் பெட்டகத்துக்கு இரண்டு சாவி, இரண்டு பேரிடம். ஒருவர் தவறு செய்ய நினைத்தாலும் மற்றவர் இல்லாமல் திறக்க முடியாது என்பது ஏற்பாடு. நடைமுறையில் ஒருவர் விடுப்பில் போகும்போது இரண்டு சாவியும் ஒரே கைக்கு வந்துவிடும். அதன்பின் போலி நகை, எடை கூட்டி எழுதிய நகை, நகையே இல்லாத பொட்டலம் எல்லாம் சாத்தியம்.

2021 செப்டம்பரில் முதல்வர் மு.க. ஸ்டாலின் சட்டமன்றத்தில் 5 பவுனுக்கு உட்பட்ட கூட்டுறவு நகைக்கடன்களைத் தள்ளுபடி செய்வதாக அறிவித்தபோது, அதோடு பொட்டலங்களைத் திறந்து ஆய்வு செய்யவும் உத்தரவு போனது. சுமார் 48.8 லட்சம் நகைக்கடன்களில் 35 லட்சத்துக்கும் மேற்பட்டவை தகுதியற்றவை என்று அந்த ஆண்டு இறுதியில் அரசு சொன்னது. இந்த எண்ணை வைத்து 35 லட்சம் மோசடி என்று பேசியவர்கள் உண்டு. அது தவறு. பெரும்பாலானவை தள்ளுபடி நிபந்தனைகளுக்குள் வராத நேர்மையான கடன்கள். ஆனால் ஒரே ஆள் பெயரில் ஏராளமான கடன், போலி நகை, காலிப் பொட்டலம் எல்லாமே அந்தச் சோதனையில் வெளிவந்தன. என்னைக் கேட்டால், இது காட்டும் உண்மை வேறு. தள்ளுபடிக்காக ஒரு முறை எல்லாப் பொட்டலத்தையும் திறந்ததால் கண்ணில் பட்டவை இவை. திறக்காத ஆண்டுகளின் தணிக்கைகளும் மேற்பார்வைகளும் இவற்றைத் தாண்டித்தான் வந்திருக்கின்றன.

விசாரணை முடிந்து அறிக்கை வந்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். அதில் "இன்னார் இவ்வளவு தொகைக்குப் பொறுப்பு" என்று இருக்கும். இது தீர்ப்பு இல்லை. அந்தத் தொகையை வசூலிக்கப் பிரிவு 87-இன்படி தண்டத்தீர்வை நடவடிக்கை தனியாகத் தொடங்க வேண்டும். சம்பந்தப்பட்டவருக்கு நோட்டீஸ், விளக்கம், விசாரணை எல்லாம் மறுபடியும் உண்டு. கையாடல், நம்பிக்கை மோசடி, வேண்டுமென்றே செய்த அலட்சியம், விதிக்கு மாறான பட்டுவாடா ஆகியவற்றால் நட்டம் வந்தது என்று காட்டினால்தான் உத்தரவு நிற்கும். "வேண்டுமென்றே" என்ற அந்த ஒரு சொல்லில்தான் எத்தனையோ உத்தரவுகள் சறுக்கியிருக்கின்றன. கையெழுத்துப் போட்ட தலைவர் அசட்டையாக இருந்தார் என்று எழுதினால் போதாது, தெரிந்தே விட்டார் என்று காட்ட வேண்டும். அவசரத்தில் நிர்வாகக் குழு உறுப்பினர்கள் அத்தனை பேர் மீதும் தொகையைச் சமமாகப் பங்கிட்டு எழுதும் உத்தரவுகள் மேல்முறையீட்டில் விழுவதற்கு இதுவே காரணம். மேல்முறையீடு போவது கூட்டுறவுத் தீர்ப்பாயத்துக்கு. மாவட்ட நீதிபதியே அந்தத் தீர்ப்பாயம்.

87-இல் ஒரு கடிகாரமும் ஓடுகிறது. தவறு நடந்து ஏழு ஆண்டுக்குப் பிறகு தண்டத்தீர்வை தொடங்கவே முடியாது. தொடங்கினால் ஆறு மாதத்தில் முடிக்க வேண்டும், நீட்டிப்பும் மொத்தம் ஆறு மாதம்தான். ஏழு ஆண்டு என்பது நீண்ட காலம் போலத் தோன்றும். 2016-இல் நடந்தது 2019 தணிக்கையில் தெரிந்து, 82, 81 எல்லாம் முடிந்து 2022-இல் கோப்பு துணைப்பதிவாளர் மேசைக்கு வந்தால் மிச்சமிருப்பது ஓர் ஆண்டு. அந்த ஆண்டில் அதிகாரி இரண்டு முறை மாறுவார்.

வேலையை விட்டு நீக்குவதும் இப்படித்தான். 81 அறிக்கையைக் காட்டி ஊழியரை நேராக நீக்கிவிட முடியாது. அந்த விசாரணையில் அவருக்கு எதிரான சாட்சியை அவர் குறுக்கு விசாரணை செய்யவில்லை. ஆகவே குற்றச்சாட்டுக் குறிப்பாணை கொடுத்து, துறை விசாரணை தனியாக நடத்த வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது. இதைத் தவிர்த்துக் குறுக்கு வழியில் போன சங்கங்கள், கையாடல் செய்தவரையே பின்சம்பளத்தோடு மீண்டும் வேலைக்கு எடுத்துக்கொள்ள நேரலாம்.

சிறைக்கான வழி காவல்துறை வழி. தமிழ்நாட்டில் கூட்டுறவுக் கையாடல்களுக்கென்றே வணிகக் குற்றப் புலனாய்வுப் பிரிவு இருக்கிறது. துணைப்பதிவாளர் புகார் கொடுத்தால் அவர்கள் வழக்குப் பதிவார்கள். நம்பிக்கை மோசடி பழைய தண்டனைச் சட்டத்தில் 408, 409 என்று இருந்தது, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நியாய சன்ஹிதாவில் 316. அரசு நிதியுதவி பெறும் வேளாண், வணிக, வங்கித் தொழில் சங்கங்களின் தலைவரும் செயலாளரும் ஊழல் தடுப்புச் சட்டத்தின்படி பொது ஊழியர்கள் என்பது பலருக்குத் தெரியாது. லஞ்சம் வாங்கினால், தாசில்தார் மீது பாய்கிற சட்டம் அவர்கள் மீதும் பாயும்.

இத்தனைக்கும் நடுவே நிர்வாகக் குழுவின் கதி என்ன? பிரிவு 88 பதிவாளருக்கு அதைக் கலைக்க அதிகாரம் தருகிறது. கலைத்தபின் வருபவர் செயலாட்சியர், அதாவது துறை அதிகாரி. இங்கேதான் அரசியல் நுழைகிறது. ஆட்சி மாறினால் சங்க நிர்வாகமும் மாறும் என்பது தமிழ்நாட்டில் நீண்ட காலப் பழக்கம். இதற்குக் கடிவாளம் போடத்தான் 97-ஆவது அரசியல் சட்டத் திருத்தம் வந்தது. 2012 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்த அது, நிர்வாகக் குழுவுக்கு ஐந்தாண்டுப் பதவிக்காலம், கலைத்து வைக்கும் காலம் பொதுவாக ஆறு மாதத்துக்கு மேல் போகக் கூடாது, தேர்தலை அதற்கென ஓர் அமைப்பு நடத்த வேண்டும் என்று வரையறுத்தது. ஆனால் கூட்டுறவு மாநிலப் பட்டியலில் உள்ள விஷயம், பாதி மாநிலச் சட்டமன்றங்களின் ஒப்புதல் வாங்காமல் செய்தது செல்லாது என்று குஜராத் உயர் நீதிமன்றம் 2013-இல் சொன்னது. 2021 ஜூலை 20-இல் உச்ச நீதிமன்றம் அதை ஆமோதித்தது, இரண்டுக்கு ஒன்று என்ற பெரும்பான்மையில் பல மாநிலங்களில் இயங்கும் சங்கங்களுக்கு மட்டும் அந்தத் திருத்தத்தை விட்டுவைத்தது. மாநில உரிமை என்று பார்த்தால் அந்தத் தீர்ப்பு சரி. ஊர்ச் சங்க உறுப்பினர் கோணத்தில், தேர்தலைத் தள்ளிப்போடும் அரசைக் கேள்வி கேட்க இருந்த ஒரு பிடி நழுவியது.

அதன் விளைவை இங்கேயே பார்க்கலாம். 2018-இல் தேர்வான குழுக்களின் பதவிக்காலம் 2023-இல் முடிந்தது, சங்கங்கள் செயலாட்சியர்களிடம் போயின. தமிழ்நாட்டில் தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கங்கள் மட்டும் சுமார் 4,450. ஓர் அதிகாரி பல சங்கங்களுக்குச் செயலாட்சியர், தன் வழக்கமான வேலைக்கு மேல் கூடுதல் பொறுப்பாக. விசாரிப்பது துறை, நிர்வகிப்பதும் துறை.

இன்னொரு குழப்பம் பெயரிலேயே இருக்கிறது. ஊரில் எல்லோரும் "சொசைட்டி பேங்க்" என்பார்கள். சட்டப்படி அது வங்கி இல்லை, கடன் சங்கம். மத்தியக் கூட்டுறவு வங்கி, நகரக் கூட்டுறவு வங்கி ஆகியவற்றின் மீது ரிசர்வ் வங்கிக்கு 1966-லிருந்தே பிடி உண்டு. மும்பையின் பி.எம்.சி. வங்கி 2019-இல் முடங்கியபின் 2020 திருத்தம் அந்தப் பிடியை இறுக்கியது. தொடக்கக் கடன் சங்கங்கள் அதற்கு வெளியே. வங்கி முடங்கினால் ஒரு வைப்பாளருக்கு 5 லட்சம்வரை தரும் காப்பீடும் இவற்றுக்குக் கிடையாது. கேரளத்தின் திருச்சூர் மாவட்டத்துக் கருவன்னூரில் 2021-இல் வெடித்தது இதே வகைச் சங்கம்தான், பெயரில் மட்டும் 'சர்வீஸ் கூட்டுறவு வங்கி'. துறைத் தணிக்கையே நூறு கோடி ரூபாய்க்கு மேல் முறைகேடு என்றது, பிறகு அமலாக்கத்துறையும் வந்தது. ஆனால் மகள் கல்யாணத்துக்கும் ஆஸ்பத்திரிச் செலவுக்கும் போட்டு வைத்த பணத்தைக் கேட்டு வாசலில் நின்றவர்களுக்கு எந்தக் காப்பீடும் இல்லை. வைப்புத் தொகை போடும் முன் கேட்க வேண்டிய முதல் கேள்வி வட்டி எவ்வளவு என்பதல்ல, இது வங்கியா சங்கமா என்பது.

உறுப்பினர் என்ன செய்யலாம்? சட்டம் பேப்பரில் தாராளமாக இருக்கிறது. நிர்வாகக் குழுவின் பெரும்பான்மை கேட்டாலோ, உறுப்பினர்களில் மூன்றில் ஒரு பங்கு கேட்டாலோ, கடன் தரும் வங்கியோ மாவட்ட ஆட்சியரோ கேட்டாலோ பதிவாளர் 81 விசாரணை நடத்தியே ஆக வேண்டும். இதில் முதல் கதவு குழுவே இல்லாத சங்கத்தில் அடைபட்டுக் கிடக்கிறது. இரண்டாவது கதவும் லேசில் திறக்காது. மூவாயிரம் பேர் பட்டியலில் இருந்தால் ஆயிரம் கையெழுத்து வேண்டும். அந்தப் பட்டியலில் செத்துப்போனவர்கள் எத்தனை பேர், திருப்பூருக்குக் குடிபோனவர்கள் எத்தனை பேர் என்று யாரும் நீக்கிப் பார்த்திருக்க மாட்டார்கள். வங்கி தன் கடனைப் பற்றித்தான் கவலைப்படும். மிச்சமிருப்பது ஆட்சியர். திங்கட்கிழமைக் குறைதீர்க்கும் நாளில் மனுவோடு நிற்பவர்களில் சங்க உறுப்பினர்களும் இருப்பதற்குக் காரணம் இதுதான்.

நீதிமன்றத்துக்கு நேராகப் போகலாமா? சங்கத்துக்கும் உறுப்பினருக்கும் இடையிலான வழக்குகள் பிரிவு 90-இன்படி துறைக்குள்ளேயே நடுவரிடம் போக வேண்டும். உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் மனுவுக்கும் எல்லை உண்டு. சங்கத்தின் துணைவிதியை நடைமுறைப்படுத்தச் சொல்லி ரிட் போட முடியாது, சட்டம் சுமத்திய கடமையை ஓர் அதிகாரி செய்யாவிட்டால் போடலாம் என்பதுதான் 2006-இல் மாரப்பன் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் சொன்னதன் சாரம். ஆகவே "சங்கம் தவறு செய்கிறது" என்று போவதைவிட, "மனு கொடுத்து இத்தனை மாதமாகத் துணைப்பதிவாளர் நடவடிக்கை எடுக்கவில்லை" என்று போவதே வழக்கறிஞர்கள் தேர்ந்தெடுக்கும் வழி.

தகவல் உரிமைச் சட்டத்திலும் இதே வளைவு உண்டு. 2013-இல் கேரளத்துத் தலப்பலம் சங்கத்தின் வழக்கில், பதிவாளரின் மேற்பார்வையில் இருக்கிறது என்பதற்காக மட்டும் ஒரு கூட்டுறவுச் சங்கம் அந்தச் சட்டப்படி தகவல் தர வேண்டிய 'பொது அதிகார அமைப்பு' ஆகிவிடாது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆகவே சங்கத்திடமே மனு போட்டால் "எங்களுக்குப் பொருந்தாது" என்று பதில் வரலாம். ஆனால் பதிவாளர் பொது அதிகார அமைப்புத்தான், சட்டப்படி அவர் கேட்டு வாங்கக்கூடிய தகவலை அவர் தர வேண்டும் என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. விவரம் தெரிந்தவர்கள் மனுவைச் சங்கத்துக்கு எழுதுவதில்லை. சரகத் துணைப்பதிவாளர் அலுவலகப் பொதுத் தகவல் அலுவலருக்கு எழுதுகிறார்கள். 81 அறிக்கையின் நகல் வேண்டும், அறிக்கை எந்தத் தேதியில் வந்தது, 87 நோட்டீஸ் எந்தத் தேதியில் போனது, போகவில்லை என்றால் கோப்பு இப்போது யார் மேசையில் இருக்கிறது என்று கேட்கிறார்கள். பத்து ரூபாய் மனுதான். ஏழு ஆண்டுக் கடிகாரத்தில் எவ்வளவு மிச்சம் என்பதை ஊரும் எண்ணிக்கொண்டிருக்கிறது என்று அந்த மேசைக்குத் தெரிந்துவிடும்.